நாற்பத்தொன்றாம் காட்சியின் மொழி

1

கடிதம் பதினொன்றரை மணிக்கு வந்தது. நீண்ட வெள்ளை உறை, இடது மூலையில் மாகாணத் திரைப்பட நிதி அலுவலகத்தின் முத்திரை. முகவரியில் என் மனைவி தனலட்சுமியின் பெயர். எங்கள் வீட்டில் அவரவர் கடிதத்தை அவரவர்தான் பிரிப்பது வழக்கம். வேறொரு படத்தின் குரல் பதிவுக்காக அவள் க்யூபெக் நகரம் வரை காரில் போயிருக்கிறாள். மாலை ஆறு மணிக்குத்தான் வருவாள். செல்பேசியில் கூப்பிட்டுச் சொன்னேன்.

"பிரிக்காதீங்க" என்றாள். "கெட்ட சேதியா இருந்தா வண்டி ஓட்டிட்டு வரப்பக் கேக்க வேண்டாம். நல்ல சேதின்னாலும் அப்படித்தான்."

ஆகவே கடிதம் சமையலறை மேசையில், உப்பு ஜாடியில் சாய்ந்து நிற்கிறது. எனக்கு இன்று வேலை இல்லை. ஜன்னலுக்கு வெளியே ஏப்ரல் மாதத்துப் பனி, மண்ணும் உப்பும் கலந்து சாம்பல் நிறத்தில் கிடக்கிறது. ஊரில் இருக்கும் நண்பர்கள், தனத்தின் படம் என்ன ஆயிற்று என்று ஜனவரியிலிருந்து கேட்டுக்கொண்டிருக்கிறார்கள். ஆறு மணி வரை நேரம் இருக்கிறது. எழுதி வைக்கிறேன்.

உறைக்குள் இருப்பது ஒரே ஒரு காட்சியைப் பற்றிய முடிவு. தனம் தனியாக எழுதி நடித்த முதல் முழுநீளப் படத்தின் நாற்பத்தொன்றாம் காட்சி. வேலந்தாவளம் மாட்டுச் சந்தையில் எடுத்தது. அவளும் அவளுடைய அப்பாவும் அதில் இருக்கிறார்கள். காட்சியை ஏற்றுக்கொண்டால் படம் அப்படியே திரைக்கு வரும். இல்லையென்றால் அதை வெட்டியாக வேண்டும். வெட்டினால் படத்தில் அவள் அப்பா இருக்க மாட்டார். அவர் வருவது அந்த ஒரு காட்சியில் மட்டும்தான்.

2

நாங்கள் இருப்பது கனடாவின் க்யூபெக் மாகாணத்தில், சிக்குத்திமியில். மான்ட்ரியாலிலிருந்து வடக்கே ஐந்து மணி நேரக் கார்ப் பயணம். தெருவில் பிரெஞ்சு தவிர வேறு மொழி காதில் விழுவது அபூர்வம். நான் வேலை பார்த்த நாளிதழ் ஆட்களைக் குறைத்தபோது, கோவையில் மாலை வகுப்பில் பிரெஞ்சு படித்து, விண்ணப்பம் போட்டு, இங்கே ஒரு பால்கட்டி ஆலையில் பொட்டலம் கட்டும் பிரிவுக்கு வந்து சேர்ந்தேன். பதினைந்து ஆண்டுகள் ஆகின்றன. கேரள மலையில் சித்திரபுரத்துக் குளிரில் வளர்ந்தவன், ஆகவே இவனுக்குக் குளிர் பழக்கம் என்று ஆலையில் நினைத்தார்கள். சித்திரபுரத்தில் நாங்கள் எந்தக் குளிருக்காகக் கம்பளி போர்த்தினோமோ, அந்தக் குளிரை இங்கே பால்கட்டி கெடாமலிருக்க அறைக்குள் பூட்டி வைத்திருக்கிறார்கள்.

குடியேற்ற அலுவலகத்தில் முதல் நாள் நடந்தது இன்னும் நினைவிருக்கிறது. பிறந்த ஊர் சித்திரபுரம், கேரளம். தாய்மொழி தமிழ். மேசைக்குப் பின்னால் இருந்த அம்மாள் கணினியைப் பார்த்துவிட்டு, "கேரளத்தின் மொழி மலையாளம் என்று போட்டிருக்கிறதே" என்றார். என் அப்பா மின்வாரிய ஊழியர். சித்திரபுரம் குவார்ட்டர்ஸில் எங்களைப் போல் தமிழ்நாட்டின் தெற்கிலிருந்து வந்து மூன்று தலைமுறையாகத் தங்கிய குடும்பங்கள் நிறைய உண்டு. வில்லேஜ் ஆபீசில் சாதிச் சான்றிதழுக்கு நிற்கும்போது இதே கேள்வியைக் கேட்டிருக்கிறார்கள். அங்கே சொன்ன பதிலையே இங்கேயும் சொன்னேன்: "அங்கே நாங்களும் இருக்கிறோம்."

தனம் வேலந்தாவளத்துக்காரி. ஊர் கேரள எல்லைக்குள் இருந்தாலும் பேசுவது கோவைப் பக்கத்துத் தமிழ். எதற்கும் ஒரு 'ங்க' போடுவார்கள். அவள் அப்பா மாட்டிடமே "கொஞ்சம் நகருங்க" என்றுதான் சொல்வார். சிக்குத்திமி வட்டாரத்துப் பிரெஞ்சில் வாக்கியம் முடிகிற இடத்தில் 'லா' என்று ஒன்று சேர்ப்பார்கள். சில நேரம் இரண்டு. அதற்குத் தனியாகப் பொருள் கிடையாது. பாரிஸ் பிரெஞ்சு படித்து வந்த நான் அதைக் கேட்டு மிரண்டேன். தனம் 'ங்க' போட வேண்டிய இடத்திலெல்லாம் 'லா' போட்டுவிட்டு மூன்றே மாதத்தில் கடைத்தெருவில் பேச ஆரம்பித்தாள். அவளுடைய தொழில் அந்த 'லா'விலிருந்து தொடங்கியது என்று சொன்னால் அது மிகையில்லை.

3

புதிதாக வந்தவர்களுக்கு அரசு நடத்தும் பிரெஞ்சு வகுப்பில் ஆண்டு முடிவில் ஒரு நாடகம் போட்டார்கள். அதைப் பார்க்க லிஸ் என்றொரு பெண் வந்திருந்தாள். இதே வட்டாரத்தில் பிறந்து இங்கேயே சிறு படங்கள் எடுப்பவள். தன் படத்தில் ஒரு விடுதிப் பணிப்பெண் வேண்டும், வசனம் இல்லை, நாற்பது வினாடி என்றாள்.

திரைக்கதையில், அந்தப் பணிப்பெண் காலியான அறையில் யாரோ விட்டுப்போன குழந்தைச் செருப்பைப் பார்த்து அழ வேண்டும். தனம் திக்கித் திக்கி லிஸிடம் கேட்டாளாம்: "இன்னும் எத்தனை அறை பாக்கி?" லிஸுக்குப் புரியவில்லை. "இந்தப் பொம்பளைக்கு இன்னைக்கு இன்னும் பதினோரு அறை இருக்குன்னா, அழ நேரமில்லை. செருப்பை எடுத்து ஜன்னல் ஓரமா வெச்சுட்டு மெத்தை விரிப்பை மாத்துவா." லிஸ் அப்படியே எடுத்தாள். அந்த நாற்பது வினாடியைப் பார்த்துத்தான் அடுத்த வாய்ப்பு வந்தது.

அதன் பிறகு ஒன்பது படங்கள். ஆறில் அவள் கையில் துடைப்பம் இருந்தது. ஒன்றில் எல்லை தாண்டி வரும் அகதி. இரண்டில் முதியோர் இல்லத்து உதவியாளர். ஒவ்வொன்றிலும் அவள் ஒரு வரியையாவது திருத்தினாள். கடைசியில் லிஸ், "நீ திருத்துவதை விட எழுதிவிடுவது எளிது" என்றாள். பனிக்கால மலையூர் ஒன்றில் பெட்டிக்கடை நடத்தும் விதவையின் கதையை இருவரும் சேர்ந்து எழுதினார்கள். தனம் அந்த விதவை. முழுப் படத்திலும் வட்டாரப் பிரெஞ்சு. மாகாணம் எங்கும் ஓடியது. பிரான்ஸில் திரையிட்டபோது அடியில் பிரெஞ்சு வசனங்களைப் பிரெஞ்சிலேயே எழுதிக் காட்ட வேண்டியிருந்தது. பாரிஸ்காரர்களுக்கு அவள் பேச்சு புரியவில்லை. அந்தச் செய்தியை அவள் ஊருக்குப் போன் செய்து பெருமையாகச் சொன்னாள்.

இன்றும் மருந்துக் கடையில் யாராவது அவளை நிறுத்துவார்கள். போன மாதம் ஒரு கிழவர் நேராக அவளிடம் வந்து, டார்ச் பேட்டரி எந்தத் தட்டில் இருக்கிறது என்று கேட்டார். அவள் நடிகை என்பது அவருக்கு நினைவில்லை. கடைக்காரி என்பதுதான் நினைவிருந்தது. தனம் தேடிப் பார்த்து எடுத்துக் கொடுத்தாள்.

வீட்டில் எழுதும் முறை இது. தனம் பள்ளி நோட்டில் தமிழில் எழுதுவாள். நான் அதைப் பிரெஞ்சில் மொழிபெயர்ப்பேன். எங்கள் மகள் அனு, பதின்மூன்று வயது, தமிழ் படிக்கத் தெரியாது. நான் எழுதிய பிரெஞ்சை வாங்கிப் பார்த்துவிட்டு, "அப்பா, இப்படி யாரும் பேச மாட்டார்கள். இது வரி அலுவலகக் கடிதம்" என்று அடித்துத் திருத்துவாள். பிறகு தனம் அதைச் சத்தமாகப் படித்து, தேவையான இடத்தில் 'லா' சேர்ப்பாள். ஒரு வாக்கியம் மூன்று பேர் கையால் செய்யப்படுகிறது. அதில் அனுவின் பங்கு ஆண்டுக்கு ஆண்டு கூடுகிறது, என் பங்கு குறைகிறது.

4

இந்தப் படத்தின் கதை சுருக்கமாக: பனி ஊரில் பல ஆண்டுகள் வாழ்ந்த ஒரு பெண், தன்னோடு வந்துவிடும்படி அப்பாவைக் கூப்பிடத் தன் ஊருக்குப் போகிறாள். அவர் வர மறுக்கிறார். முதல் வடிவத்தில் நாற்பத்தொன்றாம் காட்சி அப்பாவும் மகளும் போடும் சண்டை. ஆறு நிமிடம், முழுக்கத் தமிழ்.

நிதி அலுவலகத்தின் விதி தெளிவானது. படத்தின் வசனத்தில் பெரும்பகுதி பிரெஞ்சில் இருக்க வேண்டும். அங்கிருந்த அதிகாரி ஒரு நடுத்தர வயது அம்மாள். வன்மம் இல்லாதவர். திரைக்கதையை உரக்கப் படித்து, நிறுத்துக்கடிகாரத்தால் ஒவ்வொரு காட்சியையும் அளந்திருந்தார். "நான்கு நிமிடம் அதிகமாக இருக்கிறது" என்றார். "அப்பாவும் மகளும் பிரெஞ்சிலேயே பேசிக்கொள்ளட்டுமே. அது சினிமா மரபுதான் என்று பார்வையாளர்கள் புரிந்துகொள்வார்கள்."

இந்த விதியைக் கேலி செய்ய எனக்கு மனம் வராது. ஆங்கிலக் கடலுக்கு நடுவில் இருக்கும் மொழிக்காரர்கள் இவர்கள். எங்கள் பள்ளியில் தமிழ்ப் பிரிவுக்கு ஆசிரியர் போடச் சொல்லி மனுவுக்கு மேல் மனு எழுதியவர் என் அப்பா. மொழிக்கு வேலி போடுகிறவர்களை எனக்குப் புரியும். இந்த முறை வேலி எங்கள் காலில் குத்தியது, அவ்வளவுதான்.

தனம் வீட்டுக்கு வந்து நோட்டை மேசையில் போட்டாள். "எங்கப்பா வாயில பிரெஞ்சு வெச்சா சந்தையில மாடு கூடச் சிரிக்கும்."

"தனம், பாதிப் பாதியா வச்சிப் பாப்போமே" என்றேன். "அவரு தமிழ்ல பேசட்டும், நீ பிரெஞ்சுல பதில் சொல்லு. நம்ம வீட்ல அனுவோட அப்படித்தானே நடக்கு."

"நம்மூட்டுல நடக்கறது சரின்னு ஆரு சொன்னா?"

அனு காதில் மாட்டியிருந்ததைக் கழற்றிவிட்டுப் பிரெஞ்சில் கேட்டாள். "நான்கு நிமிடம்தானே பிரச்சினை? இரண்டு பேரும் வாயை மூடிக்கொண்டு இருக்கட்டும். அப்போது அது எந்த மொழிக் கணக்கில் வரும்?"

எரிச்சலில் சொன்னதுதான். தனம் அவளைத் திட்டவில்லை. எழுந்து போய், பாத்திரம் துடைக்கும் துண்டை எடுத்து வந்தாள். என் வலது கையை இழுத்து, துண்டைப் போர்த்தி, அதற்குள் என் விரல்களைப் பிடித்தாள். முகத்தில் ஒன்றும் இல்லை. பேருந்துக்கு நிற்கிறவள் மாதிரி ஜன்னலைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

5

அந்தத் துண்டுக்கும் எனக்கும் பழைய வழக்கு ஒன்று உண்டு.

அவள் அப்பா பழனிச்சாமி, வேலந்தாவளம் சந்தையில் மாட்டுத் தரகர். சந்தையில் விலையை வாயால் சொல்வதில்லை. வாங்குகிறவர் கையையும் விற்கிறவர் கையையும் ஒரு துண்டு மூடும். உள்ளே விரல்கள் பேசும். வெளியே முகங்கள் எதையும் காட்டாது. நான் பாலக்காட்டில் நிருபராக இருந்தபோது சந்தைச் செய்தி எழுதுவது என் வேலை. ஒரு ஞாயிறு இணைப்புக்கு அந்த விரல் கணக்கை விளக்கி, படம் வரைந்து, அரைப் பக்கம் எழுதினேன். எனக்குச் சொன்னவர் வேண்டுமென்றே தப்பாகச் சொல்லியிருந்தார். நான் இரண்டாவது ஆளிடம் சரிபார்க்கவில்லை. நிருபர் செய்யக்கூடாத தவறு.

மறுநாள் பழனிச்சாமி அந்தப் பேப்பரை மடித்து இடுப்பில் செருகிக்கொண்டு அலுவலகத்துக்கு வந்தார். "ஏனுங்க, இதை எழுதினது ஆருங்க?" என்றார். நான் எழுந்து நின்றேன். "இந்தக் கணக்குல மாடு வித்தா என்ற குடும்பம் ரோட்டுல நிக்கோணும். பரவால்லீங்க. நீங்க தப்பா எழுதினதுதான் நல்லது. சரியா எழுதியிருந்தீங்கன்னா நாங்க வேற கணக்கு கண்டுபுடிக்கோணும்." மன்னிப்புக் கேட்க அவர் வீட்டுக்குப் போனேன். கதவைத் திறந்த பெண், "ஓ, அந்தப் பேப்பருங்களா" என்றாள். அவளைத்தான் கட்டிக்கொண்டேன். அவர் என்னை இன்றுவரை 'பேப்பரு' என்றுதான் அழைக்கிறார்.

சரியான கணக்கு எனக்கு இன்னும் தெரியாது. தனத்துக்குத் தெரியும். அவள் சிறுமியாக இருந்தபோது, இட்லி எத்தனை வேண்டும் என்று அவர் துண்டுக்குள்தான் கேட்பாராம். அவள் நான்கு என்பாள், அவர் இரண்டு என்பார், மூன்றில் முடியும். ஆனால் சந்தையில் எந்தப் பெண்ணும் துண்டுக்குள் கை விட்டதில்லை.

புதிய காட்சியைத் தனம் வீடியோ அழைப்பில் விளக்கினாள். படத்தில் அப்பா தன் கடைசிப் பசுவைச் சந்தைக்கு ஓட்டி வருகிறார். வாங்குகிறவளாக மகளே எதிரில் போய் நிற்கிறாள். துண்டு விழுகிறது. ஆறு நிமிடமும் சண்டை துண்டுக்குள்.

"ஆவாதுங்க" என்றார் அவர். மகளிடம் பேசும்போதும் வேலை விஷயம் என்றால் 'ங்க' வந்துவிடும். "கேமராவுல அது தெரிஞ்சா நாளைக்கு எவன் எங்கிட்டக் கை குடுப்பான்? இன்னும் வாராவாரம் சந்தைக்குப் போயிட்டிருக்கறன். அப்பறம், பொம்பளப்புள்ள துண்டுக்குள்ள கை உட்டான்னு ஊரு சிரிக்கும்."

"நீங்க தான அப்பா உட வெச்சீங்க."

"அது இட்லிக்கு."

"இதுவும் மாட்டுக்கில்லீங்க. நாயத்துக்கு." நாயம் என்றால் அவர்கள் ஊரில் பேச்சு.

அவர் திரையிலிருந்து விலகிப் போய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்தார். "நேருல வா. போன்ல பேசற வெவகாரமில்ல." அவர் எந்த விலையையும் போனில் முடித்ததில்லை.

6

டிசம்பர் கடைசியில் போனோம். படத்தை இயக்கும் லிஸ், ஒளிப்பதிவாளர், ஒலிப்பதிவாளர், நாங்கள் மூவர். பஞ்சாயத்து ஆபீசில் மலையாளத்தில் ஒரு விண்ணப்பம், போலீஸ் ஸ்டேஷனில் ஒன்று, நடிக்கச் சம்மதம் என்று பழனிச்சாமியின் சம்மதபத்திரம் ஒன்று. பஞ்சாயத்து கிளார்க் படிவத்தை நிரப்பிக்கொண்டே மாமனாரிடம் கேட்டார்.

"நடிகை உங்களுக்கு யாரு?"

"மவளுங்க."

"சினிமாவில்?"

"சினிமாவுலயும் மவதானுங்க."

கிளார்க் பேனாவைக் கீழே வைத்தார். "பின்னெ அபிநயம் எவிடெ?" அப்படியானால் நடிப்பு எங்கே என்று கேட்கிறார்.

"அதத்தானுங்க நானும் கேட்டுட்டிருக்கறன்" என்றார் மாமனார்.

அவர் சம்மதித்தது ஒரே நிபந்தனையில்: துண்டைத் தூக்கக் கூடாது. லிஸுக்கு அது ஏமாற்றம். துண்டுக்குள் பொத்தான் அளவு கேமரா ஒன்று வைக்கலாம் என்று திட்டமிட்டு எடுத்து வந்திருந்தாள். தனம் மொழிபெயர்த்தாள். மாமனார் கேமராவை வாங்கி, திருப்பிப் பார்த்து, மரியாதையாக லிஸ் கையிலேயே வைத்தார். "அம்மிணி, இந்தம்மாகிட்டச் சொல்லு. துண்டுக்குள்ள பாக்கோணும்னா நான் மாட்டைப் புடிச்சுட்டு ஊட்டுக்குப் போறன்."

தனம் அதைப் பிரெஞ்சில் இப்படிச் சொன்னாள்: "இவர் முகத்தை மட்டும் எடு. நான் நடிக்கக் கற்றது இந்த முகத்தைப் பார்த்துத்தான்." லிஸ் சிறிது நேரம் அவரையே பார்த்தாள். பொத்தான் கேமரா பெட்டிக்குள் போயிற்று.

சந்தை நாள் காலை. பழக்கம் விடாமல் நான் குறிப்பு நோட்டோடு நின்றேன். ஒன்பது இருபதுக்குத் தயார். பக்கத்துத் தோட்டத்துச் செவலைப் பசு ஒன்றை இரவல் வாங்கியிருந்தார்கள். சுற்றிலும் தமிழும் மலையாளமும். ஒரு தரகர் சத்தமாகக் கேட்டார். "என்ன பழனிச்சாமி, மவளுக்கே மாட்ட விக்கறயா?"

"உள்ளூர்ல எவனும் வெல ஏத்த மாட்டேங்கறான்" என்றார் இவர். "வெளிநாட்டுக்குப் போட்டுப் பாக்கறன்."

சிரிப்பு அடங்கியது. அவர் தோள் துண்டை எடுத்து உதறினார். அதற்கு முன் மெதுவாகத் தனத்திடம் கேட்டது என் காதில் விழுந்தது. "என்னைக்குப் பொறப்படறீங்க?"

"நாலு நாள்லப்பா."

லிஸ் கையைக் காட்டினாள். துண்டு விழுந்தது.

என் நோட்டில் இருப்பதை அப்படியே தருகிறேன். முதல் நிமிடம்: அவர் எல்லைச் செக்போஸ்ட் பக்கம் பார்க்கிறார். தனம் பசுவின் கொம்பைப் பார்க்கிறாள். இரண்டாம் நிமிடம்: தனத்தின் கண் ஒரு முறை சட்டென்று அவர் முகத்துக்குப் போய்த் திரும்புகிறது. ஒத்திகையில் இது இல்லை. மூன்றாம் நிமிடம்: துண்டு மூன்று முறை அசைகிறது. அவர் தாடை இறுகுகிறது. நான்கு: துண்டு அசையவே இல்லை. இருவரும் சிலை மாதிரி. சந்தைச் சத்தம் மட்டும். ஐந்து: அதேதான். லிஸ் வாயில் கை வைத்திருக்கிறாள். ஆறாம் நிமிடத்தில் துண்டு ஒரு முறை அசைந்தது. அவர் கையை உருவி, துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு, பசுவிடம் "வாங்க போலாம்" என்பது போல் தலையாட்டிவிட்டு நடந்தார். லிஸ் நிறுத்தச் சொல்லவே மறந்துவிட்டாள். இரண்டாம் முறை எடுக்கவில்லை. அவர் போய்விட்டார்.

அன்று மாலை தனம் என்னிடம், "ஏனுங்க, டிக்கெட்டை நாலு நாள் தள்ளிப் போடுங்க" என்றாள்.

"எதுக்கு?"

"சும்மாதான்."

மாமனாருக்கு உடம்பு ஏதோ சரியில்லை என்று நினைத்தேன். விமான நிறுவனத்தோடு ஒரு மணி நேரம், ஆலையின் மேலாளரோடு அரை மணி நேரம். தள்ளிப் போட்டேன். கூடுதலாகக் கிடைத்த நான்கு நாளில் குறிப்பிடும்படி ஒன்றும் நடக்கவில்லை. மோட்டார் பம்பைப் பழுது பார்த்தார்கள். அனு தன் அப்புச்சியோடு உட்கார்ந்து டிவியில் கபடி பார்த்தாள். தாய்வழித் தாத்தாவை அங்கே அப்படித்தான் கூப்பிடுவார்கள். அவளுக்கு நன்றாகத் தெரிந்த தமிழ்ச் சொற்களில் அது ஒன்று. அவர் தமிழில் கேட்டதற்கெல்லாம் அவள் பிரெஞ்சில் பதில் சொன்னாள். எதற்கும் இருவருமே விளக்கம் கேட்கவில்லை.

திரும்பி வந்த பிறகு பயம் வேறு உருவத்தில் வந்தது. படத்தொகுப்பில் பார்த்தபோது, காட்சியில் இவர்கள் பேசவில்லையே தவிர, சுற்றி இருந்தவர்கள் பேசியிருந்தார்கள். "அந்தச் செவலை என்ன வெலைங்க" என்று ஒருவர் கேட்பது தெளிவாகவே கேட்கிறது. சந்தைச் சத்தத்தை எடுத்தால் காட்சி செத்துவிடும் என்று ஒலிப்பதிவாளர் கைவைக்க மறுத்தார். புரியும்படியான எந்தச் சொல்லும் கணக்கில் வரும் என்று அதிகாரி முன்பே சொல்லியிருந்தார். அவரே கடைசியில் பார்த்து முடிவு சொல்வதாக ஏற்பாடு. மூன்று மாதம் ஆயிற்று.

இதை எழுதும்போது மணி ஐந்தே முக்கால். கார் சத்தம் கேட்கிறது.

7

அவள் கோட்டைக் கழற்றவில்லை. நின்றபடியே உறையைப் பிரித்தாள். இரண்டு பக்கம். முதல் பக்கத்தை நான்கு வரி படித்துவிட்டு என்னிடம் நீட்டினாள். எழுத்துகள் அவளுக்கு ஓடவில்லை என்று தெரிந்தது.

படம் பிரெஞ்சு மொழிப் படமாக ஏற்கப்படுகிறது. மாற்றம் எதுவும் தேவையில்லை.

நான் அதைச் சத்தமாக இரண்டு முறை படித்தேன். அவள் நாற்காலியை இழுத்து உட்கார்ந்தாள். பூட்ஸிலிருந்து பனி உருகித் தரையில் ஓடியது. துடைக்க இருவருமே எழவில்லை. அனு மாடியிலிருந்து இறங்கி வந்து கடிதத்தைப் பிடுங்கி இரண்டாம் பக்கத்துக்குப் போனாள். அங்கே காட்சி வாரியாக ஒரு பட்டியல். ஒவ்வொரு காட்சிக்கும் நிமிடம், அதற்கு எதிரே மொழி. பிரெஞ்சு, பிரெஞ்சு, தமிழ், பிரெஞ்சு என்று இறங்கிக்கொண்டே போகிறது.

"நாற்பத்தொன்று" என்று படித்தாள். "ஆறு நிமிடம் பத்து வினாடி. பின்னணியில் சந்தை இரைச்சல். வசனம் எதுவும் இல்லை. மொழி: இல்லை." பிறகு அம்மாவைப் பார்த்து, "நான்தான் சொன்னேன்" என்றாள்.

தனம் சிரித்தாள். கோட்டோடு, தொப்பியோடு, கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரித்தாள். "மொழி இல்லையாமா? அன்னைக்குப் பேசினது மாதிரி நானும் அப்பாவும் என்னைக்குமே பேசினதில்ல."

"காட்சியில எழுதின மாதிரி விலைதானே பேசுனீங்க?" என்றேன்.

"மொதல்ல நானும் அப்படித்தான் நெனச்சேன். நாலு வெச்சாரு. எழுதி வெச்ச மாதிரி நான் அதுக்குக் கீழ கேட்டிருக்கோணும். அதுக்குள்ள அவரே அந்த நாலைத் தள்ளிப்போட்டுப் பத்து வெச்சாரு. விக்கறவரே விலையத் தள்ளுவாரா? அப்பத்தான் தெரிஞ்சது." கோட்டின் பொத்தானைத் திருகிக்கொண்டே சொன்னாள். "மாடு இல்ல. நாள். எத்தன நாள் இருப்பேன்னு பேரம் பேசறாரு."

நான் நோட்டை எடுத்துப் பார்த்தேன். இரண்டாம் நிமிடம்: தனத்தின் கண் ஒரு முறை சட்டென்று அவர் முகத்துக்குப் போய்த் திரும்புகிறது.

"நான் ஆறுன்னேன். அவரு ஒம்பது. நான் ஏழு. அப்பறம் ரெண்டு பேரும் கையை அசைக்கல. ரெண்டு நிமிஷம். அவரு எறங்குவாருன்னு நான், நான் ஏறுவேன்னு அவரு. கடைசியில எட்டு."

ஆறையும் ஏழையும் எட்டையும் ஒரே கையில் எப்படிக் காட்டுவார்கள் என்று நான் கேட்கவில்லை. கேட்டாலும் சொல்ல மாட்டாள். சொன்னாலும் எழுத மாட்டேன். ஒரு முறை எழுதிப் பட்டது போதும்.

எட்டரை மணி வரை காத்திருந்தோம். அங்கே காலை ஆறு. பால் கறந்து முடித்திருப்பார். திரையில் முதலில் அவர் காது தெரிந்தது, பிறகு முகம். தனம் சொன்னாள். காட்சி இருக்கிறது, வெட்டவில்லை, நீங்கள் படத்தில் இருக்கிறீர்கள்.

"செரி" என்றார். முகத்தில் ஒன்றும் இல்லை. கேமரா இருந்தாலும் இல்லாவிட்டாலும் அந்த முகம் ஒன்றுதான். "பேப்பருகிட்டச் சொல்லு, இதையாவது சரியா எழுதச் சொல்லி."

"எழுதிட்டுத்தான் இருக்கேன், மாமா" என்றேன்.

"அப்பா, மழைக்காலம் முடிஞ்சு படத்தை அங்க போட்டுக் காட்டலாம்னு இருக்கோம்" என்றாள் தனம். "நாங்களும் வரோம். இந்த வாட்டி முன்னாடியே டிக்கெட் போட்டுக்கறேன். எத்தன நாளைக்குப் போடட்டும்?"

அவர் தோளிலிருந்த துண்டை எடுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டு மறுபடி தோளில் போட்டார்.

"அதெல்லாம் போன்ல பேசற வெவகாரமில்ல, அம்மிணி. வரப்ப ஒரு பக்க டிக்கெட் மட்டும் போட்டுட்டு வா. மிச்சத்தை நேருல பேசிக்கலாம்."